கலம்பகம்: காலமும் நிறமும் கலந்த மாய நூல்



காலத்தையும் நிறத்தையும் தன் ஏடுகளுக்குள் அடக்கிய மாய நூல் ஒன்றைக் கற்பனை செய்யச் சொன்னால் ஒவ்வொருவர் மனத்திலும் ஒவ்வொரு நூல் எழும். ஏடு புரளப் புரளப் பொழுது மாறும் நூல் ஒன்று. படிப்பவன் கண்முன்னே எழுத்துகள் கருமையிலிருந்து பொன்னாகும் நூல் ஒன்று. கேட்டவன் உயிர் கருகும் நூல் மற்றொன்று. இவை யாவும் குழந்தைகளுக்குச் சொல்லும் கதை போலத் தோன்றலாம். ஆனால் தமிழ்ப் புலமை மரபு இத்தகைய நூலைக் கற்பனை செய்ததோடு நில்லாமல், அதற்கு இலக்கணமும் வகுத்து, அதைப் பாடுவோர்க்கும் பாடப்படுவோர்க்கும் எச்சரிக்கையும் விடுத்துள்ளது. அந்நூல் வகையின் பெயர் கலம்பகம். அதன் தொல்பழம் எடுத்துக்காட்டு எந்த மன்னனைப் பற்றியதோ, அவனது பெயரைத் தாங்கிய கல் லால்குடிச் சிவன் கோயிலில் இருக்கிறது. அதன் மிகச் சிறந்த எடுத்துக்காட்டுகளுள் ஒன்று கொள்ளிடத்துக்கு அக்கரையில், திருவரங்கத்தில் பிறந்தது. ஆதலின் இவ்வூர் அவையில் இப்பொருள் பேசப்படுவது பொருத்தமே.

முதலில் ஒரு சொல்லை நோக்குவோம். 'கார்' என்றால் கருமை. 'கார்' என்றால் மேகம். 'கார்' என்றால் ஆவணியும் புரட்டாசியுமாகிய பெரும்பொழுது. நிறத்துக்கு ஒரு சொல்லும் காலத்துக்கு வேறொரு சொல்லும் வைத்துப் பிறகு உவமையால் இரண்டையும் இணைக்கும் வேலை இங்கே தேவைப்படவில்லை. மொழியே அவ்விணைப்பைச் செய்து முடித்துவிட்டது. வாரத்தில் ஒரு நாள் சிவப்பின் பெயரால் செவ்வாய். மற்றொரு நாள் வெண்மையின் பெயரால் வெள்ளி. விடிந்தது என்பதைக் கிழக்கு வெளுத்தது என்கிறோம். இளமையைப் பச்சை என்கிறோம். முதுமையை நரை என்கிறோம். மனிதன் தலையில் காலம் எழுதும் எழுத்து நிறத்தால் எழுதப்படுவது என்பதை இச்சொற்களை ஆக்கியவர்கள் அறிந்திருந்தனர்.

தொல்காப்பியர் முதற்பொருள் என்று நிலத்தையும் பொழுதையும் வைத்தார். உவமை பிறக்கும் இடங்களை எண்ணும்போது வினை, பயன், மெய் என்பவற்றோடு உரு என்பதையும் வைத்தார். உரு என்பதற்கு நிறம் என்றே உரையாசிரியர் பொருள் கொண்டனர். இவ்விரண்டும் சந்திக்கும் இடம் முல்லைத் திணை. கார்ப்பருவத்தின் வரவைக் காட்டுவதற்கு அக்காலத்தில் கடிகாரம் இல்லை. கொன்றை பொன்னிறத்தில் பூத்தது, காயா நீலத்தில் பூத்தது, தோன்றி செந்நிறத்தில் பூத்தது, முல்லை வெண்மையாய் அரும்பியது. திரும்பி வருவதாகத் தலைவன் குறித்துச் சென்ற நாள் வந்துவிட்டதை இந்நான்கு நிறங்களும் தலைவிக்கு அறிவித்துவிடும். அவன் வரவில்லை. அவள் உயிர் நிலைகொள்ளாது. அப்போது தோழி சொல்லும் பொய் ஒன்று உண்டு: இது பருவமன்று, காலமல்லாக் காலத்தில் பெய்த மழையைக் கண்டு கொன்றை ஏமாந்து பூத்துவிட்டது என்பாள். துறையின் பெயரே பருவமன்று என வற்புறுத்தல். ஓர் உயிரைக் காப்பதற்காக ஒருத்தி காலத்தையே மறுக்கிறாள். அதற்கு நிறத்தின் சாட்சியத்தைத் தள்ளுபடி செய்கிறாள். மாயம் என்று தேடிப் போகிறவர்கள் முதலில் நின்று பார்க்க வேண்டிய இடம் இது.

இத்துறைகளையெல்லாம் பின்னாளில் ஒரே நூலுக்குள் கொண்டுவந்து சேர்த்தது கலம்பகம். இப்பெயருக்குக் கூறப்படும் காரணங்கள் இரண்டு. கலம் என்பது 12, பகம் என்பது 6, கூட்டினால் வருவது 18. எனவே 18 உறுப்புகளைக் கொண்டது கலம்பகம் என்பது ஒன்று. கணக்குச் சரியாக வந்தாலும் இது பின்னர்ப் பொருத்தப்பட்ட காரணம் போலவே தோன்றுகிறது. பல நிறப் பூக்களைக் கலந்து கட்டிய மாலையின் பெயர் நூலுக்கு ஆகி வந்தது என்பது மற்றொன்று. இரண்டாவதற்குத் திருவரங்கத்திலேயே சான்று உண்டு. தொண்டரடிப்பொடியாழ்வார் தம் திருப்பள்ளியெழுச்சியில் இச்சொல்லை மாலையைக் குறிக்கவே வழங்கியிருக்கிறார். மண்டங்குடியில் பிறந்து, அரங்கத்தில் நந்தவனம் அமைத்து, நாள்தோறும் பூக்கொய்து மாலை தொடுத்தவர் அவர். பூவின் நிறம் அறிந்தவர். எந்தப் பூ எந்த நாழிகையில் இதழ் விரிக்கும் என்பதும் அறிந்திருப்பார். அவர் இச்சொல்லை வைத்த பாட்டு விடியலைப் பாடும் பாட்டு. இருள் கலைந்து உலகம் நிறம் பெறும் நேரத்தில்தான் கலம்பகம் என்னும் சொல் தமிழ்ப் பாசுரத்தில் நின்று ஒளிர்கிறது.

இனி அதன் உறுப்புகளுக்கு வருவோம். பாட்டியல் நூல்கள் தரும் பட்டியல்களில் சிறு வேறுபாடுகள் உண்டு. ஆயினும் புயவகுப்பு, அம்மானை, மதங்கு, மறம், குறம், களி, பாண், தூது, தழை, ஊசல், தவம், இரங்கல், கைக்கிளை என்பன பழகிய பெயர்கள். இவற்றோடு ஓர் உறுப்பின் பெயர் காலம். பட்டியல் சிலவற்றில் கார் என்பதும் தனியே நிற்கும். பருவத்தின் வரவு கண்டு தலைவி ஏங்குவதே இவற்றின் பொருள். அதாவது, மேலே கூறிய முல்லைப் பெண் தன் நான்கு நிறங்களோடும் இந்நூலுக்குள் குடியேறியிருக்கிறாள். தழை என்பதோ தலைவன் கொண்டுவந்து தரும் பச்சிலை ஆடை. கொடுத்த அன்றே வாடத் தொடங்கும் காதற் பரிசு. ஒரு நாளுக்கு மேல் நில்லாத பச்சையைக் கொண்டுவந்து நிலையான அன்பின் சான்றாக நீட்டுகிறான். அதன் நகைப்பையும் துயரத்தையும் உணர்ந்த புலவர்கள் அவ்வுறுப்பைச் சுருக்கமாகவே பாடிச் சென்றனர்.

நின்று நோக்கத் தக்கவை சம்பிரதமும் சித்தும். சம்பிரதம் என்பது இந்திரசாலக்காரன் கூற்று. தெருவில் கூட்டம் கூட்டி வித்தை காட்டுபவன் பேசுகிறான். மலையை மறைப்போம், கடலைக் கையில் ஏந்துவோம், பகலை இரவாக்குவோம் என்ற வகையில் அவன் வீறு பேசுவான். சித்து என்பது இரசவாதியின் கூற்று. கரிய இரும்பைப் பொன்னாக்குவோம், செம்பை வெள்ளியாக்குவோம் என்று அவன் சொல்வான். ஒவ்வொரு உலோகத்தின் பெயரும் இரட்டுற மொழிதலாக நிற்கும். ஆக, காலத்தை மாற்றுபவன் ஒருவன், நிறத்தை மாற்றுபவன் ஒருவன், இருவரையும் கலம்பகம் தன் பாத்திரங்களாக வைத்திருக்கிறது. மாய நூல் என்று சொல்வது வெறும் அணியன்று என்பது இதனால் விளங்கும்.

ஆனால் சித்துப் பாடல்களில் ஒரு குறும்பு உண்டு. உலகத்து இரும்பையெல்லாம் பொன்னாக்கவல்ல அச்சித்தன் பெரும்பாலும் பாட்டு முடிவதற்குள் கூழோ சோறோ கேட்டுவிடுவான். பசி. மண்ணைப் பொன்னாக்கும் வித்தை கைவந்தவனுக்கு ஒரு கலயம் கூழை வரவழைக்கும் வித்தை தெரியவில்லை. மன்னன் அவையிலும் மடத்திலும் நின்று இதைப் பாடிய புலவன் யாரைச் சொன்னான் என்பது அவையில் இருந்த எல்லாருக்கும் தெரிந்திருக்கும். சொல்லைப் பொன்னாக்கும் தொழில் செய்பவன் புலவனே. மாயத்தின் பெருமையையும் அதன் வறுமையையும் ஒரே பாட்டில் வைத்த இந்த நேர்மையே கலம்பகத்தை வெறும் புகழ்ச்சி நூலாகாமல் காப்பாற்றுகிறது.

மன்னனையோ தெய்வத்தையோ பாட எடுத்த நூலில் யார் யார் பேசுகிறார்கள் என்றும் எண்ணிப் பார்க்கலாம். இரு கையிலும் வாளேந்தித் தெருவில் ஆடும் மதங்கியார், கள்ளுண்டு களித்தவன், குறி சொல்லும் குறத்தி, யாழ் சுமந்து திரியும் பாணன், கழற்காயோ அம்மானையோ எறிந்து விளையாடும் பெண்கள். மறம் என்னும் உறுப்பிலோ, பெண் கேட்டு வந்த அரசனின் தூதனை மறவன் ஏசித் துரத்துகிறான். அரசன் அனுப்பிய ஓலை அவன் கையில் என்ன பாடு படும் என்பதைச் சொல்லத் தேவையில்லை. அரசர்களை இவ்வளவு அஞ்சாமல் பேசும் பாட்டை அரசவைப் பிரபந்தத்தின் நடுவிலேயே வைத்தார்கள். பாவும் பாவினமும் மாறி மாறி வரும். வெண்பாவில் ஒரு குரல், கலித்துறையில் வேறொரு குரல், விருத்தத்தில் மற்றொன்று. உரையாசிரியர்களும் பாட்டியலாரும் பாவுக்கு நிறம் கூறினர். வெண்பாவுக்கு வெண்மை, ஆசிரியத்துக்குச் செம்மை என்பது அவர் கொள்கை. அதை ஏற்றாலும் ஏற்காவிட்டாலும், கலம்பகத்தைத் தொடர்ந்து வாய்விட்டுப் படிப்பவர்க்கு யாப்பு மாறும் இடந்தோறும் ஒளி மாறுவது போன்ற உணர்வு உண்டாவது உண்மை.

இந்நிறங்களையெல்லாம் கோக்கும் நார் அந்தாதி. ஒரு பாட்டின் முடிவு அடுத்ததன் தொடக்கமாகும். இறுதிப் பாட்டின் முடிவு முதற் பாட்டின் தொடக்கத்தைத் தொடும்போது நூல் வட்டமாகிறது. மண்டலம் என்பது இதன் பெயர். தொடங்கிய இடத்துக்கே வந்து சேரும் நூலுக்கு இறுதி ஏடு என்று ஒன்று இல்லை. காலத்தை நேர்கோடாக எண்ணாமல் பருவங்களின் சுழற்சியாக எண்ணிய மக்கள் தம் நூலையும் அவ்வாறே கட்டினர்.

இதுவரை கூறியது நூலின் அமைப்பு. இனி அதன் மேல் ஏறிய கதை.

கலம்பகங்களுள் காலத்தால் முற்பட்டதாகக் கருதப்படுவது நந்திக் கலம்பகம். பாட்டுடைத் தலைவன், தெள்ளாற்றுப் போரில் பாண்டியனை வென்ற மூன்றாம் நந்திவர்மப் பல்லவன். ஏறத்தாழ கி.பி. 846 முதல் 869 வரை ஆண்டவன் என்பர். இம்மன்னனின் மாற்றாந்தாய்க்குப் பிறந்த தம்பி, அரசுரிமை இழந்த பகையால், அறம் வைத்து இந்நூலைப் பாடினானாம். அதன் ஒரு பாட்டு எவ்வாறோ மன்னன் செவிக்கு எட்ட, அவன் தமிழ்ச்சுவையில் மயங்கி முழு நூலையும் கேட்க விரும்பினான். கேட்டால் உயிர் போகும் என்று பாடியவனே எச்சரித்தும் கேளாமல், நூறு பந்தல்கள் அமைத்து, பாட்டுக்கு ஒரு பந்தலாகக் கேட்டு வந்தான். கேட்டு எழுந்த பந்தல் ஒவ்வொன்றும் எரிந்தது. கடைசிப் பாட்டை ஈமத்தின் மேல் அமர்ந்து கேட்டு அவனும் எரிந்தான். சொல்வோர்க்கேற்பச் சிறு மாறுதல்களோடு தமிழ்நாடு முழுவதும் வழங்கும் கதை இது.

இக்கதையை மெய்யென்று வழிமொழியும் நூல்கள் எக்காலத்தவை என்று பார்க்க வேண்டும். படிக்காசுப் புலவரின் தொண்டைமண்டல சதகமும், 1785இல் மறைந்த மாதவச் சிவஞான முனிவரின் சோமேசர் முதுமொழி வெண்பாவும் இதைக் குறிப்பிடுகின்றன. மன்னன் காலத்துக்கு எண்ணூறு ஆண்டுகள் பிற்பட்ட சாட்சிகள் இவை. மன்னன் காலத்துச் சாட்சி கல். லால்குடி, பழம்பெயரால் திருத்தவத்துறை. அங்குள்ள சப்தரிஷீசுவரர் கோயிலின் கல்வெட்டொன்று தெள்ளாறெறிந்த நந்திப்போத்தரையர் என்றே அவனைக் குறிக்கிறது. வெற்றி தெரிகிறது, நெருப்பு தெரியவில்லை. அவன் எவ்வாறு இறந்தான் என்று எந்தக் கல்லும் பேசவில்லை. நந்திக் கலம்பகம் அவனுக்கு வழங்கும் அவனிநாரணன் என்னும் பட்டம் கடல் கடந்து தாய்லாந்தின் தகுவாபாவில் கிடைத்த தமிழ்க் கல்வெட்டில், குளம் ஒன்றின் பெயராக நிற்கிறது. அங்கும் நீர்தான், நெருப்பு இல்லை.

லால்குடி என்னும் பெயருக்கே இவ்வூரில் ஒரு கதை உண்டு. வடக்கிலிருந்து வந்த படையினர் கோயிலின் சிவந்த கோபுரத்தைத் தொலைவில் கண்டு, தம் மொழியில் சிவப்பு என்னும் பொருள்பட 'லால்' என்று சுட்டியதால் இப்பெயர் வந்தது என்பர். வாய்மொழி வழக்கு; அதை அவ்வளவில் கொள்ளலாம். ஆயினும் கதை கட்டுவோர் ஒரு காலத்தை நினைவில் நிறுத்த நிறத்தையே பற்றிக்கொள்கிறார்கள் என்பதற்கு இதுவும் ஒரு சான்று. படை வந்து போன ஆண்டு மறந்துவிடும். கோபுரத்தின் சிவப்பு மறப்பதில்லை.

கல்வெட்டுகள் காலத்தை வேறு விதமாகக் கையாண்டன. கோயிலில் இரவும் பகலும் எரிய ஒரு நொந்தா விளக்கு வைக்க விரும்பியவர், நெய்க்காக ஆடுகளைக் கொடுத்தனர். விளக்கு ஒன்றுக்கு 90 ஆடு என்றும் 96 ஆடு என்றும் அக்காலக் கல்வெட்டுகள் பலவற்றில் கணக்குக் காணலாம். அவ்வாடுகளுக்குச் சாவா மூவாப் பேராடு என்று பெயர். ஆடு சாகும், மூக்கும். இடையன் குட்டியைக் கொண்டு எண்ணிக்கையைக் குறையாமல் வைத்திருக்க வேண்டும். எண்ணிக்கை குறையாதவரை மந்தை மூப்பதில்லை. சந்திர சூரியர் உள்ளவரை என்று கல்லில் வெட்டினார்கள். மாயம் வேண்டுவோர்க்கு இதைவிட வேறென்ன வேண்டும்? ஆனால் இம்மாயம் ஓர் இடையனின் நாள்தோறும் ஆன உழைப்பால் நடந்தது.

இங்கே ஓர் எண் கவனத்துக்குரியது. பாட்டியல் இலக்கணத்தின்படி கலம்பகத்தின் பாட்டுத்தொகை பாடப்படுவோரைப் பொறுத்தது. தேவர்க்கு 100, அந்தணர்க்கு 95, அரசர்க்கு 90, அமைச்சர்க்கு 70, வணிகர்க்கு 50, வேளாளர்க்கு 30. விளக்குக்கு 90 ஆடும் வேந்தனுக்கு 90 பாட்டும் என்பது தற்செயலாகவே இருக்கலாம். நந்திக் கலம்பகப் பதிப்புகளிலோ இன்று கிடைப்பவை நூற்றுக்கு மேற்பட்ட பாடல்கள். பிற்காலத்து ஏடுகளில் புகுந்தவையும் அவற்றுள் உண்டு. கதை சொல்வதோ நூறு பந்தல். நூறு என்பது தெய்வத்துக்குரிய அளவு. அரசனுக்குரிய எல்லையைத் தாண்டித் தெய்வத்துக்குரிய புகழை ஒருவன் கேட்டு அமர்ந்தால் என்னவாகும் என்பதைப் பின்வந்தோர் இக்கதையில் வைத்தார்கள் போலும். வரலாறாக இக்கதை நில்லாது. புகழுக்குச் செவி கொடுப்பதில் உள்ள இடரைப் பற்றிய கருத்தாக நன்றாகவே நிற்கிறது.

ஆனால் பாட்டியலார் இதைக் கருத்தாகக் கொள்ளவில்லை, மெய்யாகவே கொண்டனர். எழுத்துக்கு உயிர் கொடுக்கவும் கொல்லவும் ஆற்றல் உண்டென்று பத்துப் பொருத்தங்கள் வகுத்தனர். அவற்றுள் தானம் என்பது எழுத்துகளுக்கு வயது கூறுவது: பாலன், குமரன், இராசன், மூப்பு, மரணம். தலைவன் பெயரெழுத்திலிருந்து எண்ணி, மூப்பிலும் மரணத்திலும் விழும் எழுத்தை நூலின் முதலில் வைத்தல் ஆகாது. நாள் என்பது எழுத்தை விண்மீனோடு பொருத்துவது. உண்டி என்பது அமுத எழுத்து, நச்செழுத்து எனப் பிரிப்பது. வருணம் என்பது எழுத்துக்கும் பிறப்பு வகுப்பது. வழுவினால் தலைவனுக்குக் கேடு வரும். அவ்வழுவின் ஒரு வகைக்கு ஆனந்தக் குற்றம் என்று பெயரிட்டார்கள். கேட்டுக்கு ஆனந்தம் என்று பெயர் வைத்தது மங்கல வழக்கு.

இக்கொள்கையைச் சங்க இலக்கியத்தின் மீதும் சுமத்திப் பார்த்தவர் இருந்தனர். மலைபடுகடாத்தில் செங்காந்தளின் நிறத்துக்கு நெருப்பு உவமையாக வந்திருக்கிறது. அத்தொடரில் தலைவன் நன்னனுக்கு ஆகாதவாறு சொற்கள் சேர்ந்துவிட்டன, இது ஆனந்தக் குற்றம் என்றனர். உரையெழுதிய நச்சினார்க்கினியர் அதை ஒப்பவில்லை. இக்குற்றம் தொல்காப்பியத்தில் கூறப்படவில்லை, சான்றோர் செய்யுளுக்கு இது பொருந்தாது என மறுத்தார். இம்மறுப்பு மிக உயர்ந்த ஒன்று. காந்தள் சிவந்திருக்கிறது, நெருப்பும் சிவந்திருக்கிறது, கண்ட புலவன் சொன்னான். பூவின் நிறத்தை உள்ளவாறு சொன்னதற்காக ஒரு புலவன்மீது கொலைப்பழி ஏற்றுவது எத்தகைய நீதி? புலவனுக்கு மாய ஆற்றல் உண்டென்று புகழ்வது போலத் தொடங்கி, அவன் கண்ணையே கட்டிவிடுவது பாட்டியல். சொல்லால் கொல்லலாம் என்னும் நம்பிக்கை புலவர்க்குத் தந்த அச்சம் பெரிது, அதிகாரம் சிறிது. பாட்டின் தொகையையும் எழுத்தின் தகுதியையும் சாதிக்கேற்ப அளந்த கணக்கை இன்று எவரும் உயிர்ப்பிக்க வேண்டியதில்லை. அது நூலோடு போகட்டும்.

வேறு கதைகளும் உண்டு. கலம்பகம் பாடுவதில் வல்லவர் என்று பெயரெடுத்தவர்கள் இரட்டைப் புலவர்கள். ஒருவர்க்குக் கால் இல்லை. மற்றவர்க்குக் கண் இல்லை. நடக்க முடிந்தவர் காணமுடிந்தவரைத் தோளில் சுமந்து ஊர் ஊராகச் சென்றார். ஒருவர் தொடங்கிய வெண்பாவை மற்றவர் முடித்தார். தில்லைக் கலம்பகமும் திருவாமாத்தூர்க் கலம்பகமும் இவர்கள் பாடியவை. பல நிறம் கலந்த நூலின் பாதி, நிறமே காணாதவர் பாடியது. அவர்க்குத் தோழரின் சொல்லே நிறம். திருவாமாத்தூரில் கோயில் ஆற்றின் எக்கரையில் உள்ளது என்பதை மாற்றிப் பாடிவிட்டதாக அவையோர் குறை கூற, இரவோடிரவாக வெள்ளம் வந்து ஆறு தடம் மாறிப் பாட்டை மெய்யாக்கியது என்பது கதை. கொள்ளிடக் கரையில் வாழ்வோர் இதைக் கேட்டு நகைக்கமாட்டார்கள். 2018 ஆகஸ்ட் வெள்ளத்தில் திருவரங்கத்துக்கு வடக்கே கொள்ளிடத்தின் பழைய இரும்புப் பாலத் தூண்கள் சரிந்ததைக் கண்டவர்கள் அவர்கள். ஆறு மாறும். யார் பாட்டுக்காகவும் மாறுவதில்லை என்பதுதான் வேறுபாடு.

திருவரங்கக் கலம்பகத்தைப் பாடிய பிள்ளைப்பெருமாள் ஐயங்காரின் கதை இவற்றுக்கு நேர்மாறு. அழகிய மணவாளதாசர் என்பது அவரது மற்றொரு பெயர். 17ஆம் நூற்றாண்டில் திருமலை நாயக்கரின் அலுவலில் இருந்து, அதை விடுத்து அரங்கம் சேர்ந்தவர் என்பர். அரங்கனையன்றிப் பிற தெய்வத்தைப் பாடேன் என்று உறுதி கொண்டார். வேங்கடவன் கனவில் வந்து கேட்டும் மறுத்தார். கண்டமாலை என்னும் நோய் அவர் கழுத்தைப் பற்றியது. வேங்கடத்தையும் பாடிய பின்னரே நீங்கியது என்பது வரலாறாக வழங்கும் செய்தி. நந்தி கதையில் பாடிய பாட்டு கேட்டவனைச் சுட்டது. இங்கே பாடாத பாட்டு பாடவேண்டியவன் கழுத்தை நெரித்தது. இரண்டில் எது உண்மைக்கு அணுக்கமானது என்பதை இந்த அவையில் உள்ள கவிஞர்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. தொண்டையில் நின்றுவிட்ட பாட்டின் வலி அவர்கள் அறியாததன்று.

அவரது எட்டு நூல்களின் தொகுதி அட்டப்பிரபந்தம். அதைக் கற்றவன் அரைப் பண்டிதன் என்பது பழமொழி. யமகமும் திரிபும் நிறைந்த அந்தாதிகளில் உரையின் துணையின்றி நுழைவது கடினம், வை.மு. கோபாலகிருஷ்ணமாசாரியாரின் உரைகள் அதற்கு உதவும். ஆனால் கலம்பகம் அவற்றைவிட நெகிழ்ச்சியானது. அரங்கத்துக்கு வரும் வழியெங்கும் மறவனும் குறத்தியும் களியனும் சித்தனும் நின்று பேசுகிறார்கள். தெய்வத்தைப் பாட வந்த வைணவப் புலவர், தெருவை வெளியே தள்ளிக் கதவை அடைக்கவில்லை. கருமேனியைப் பாடும் இடத்திலும் கார்காலத்தைப் பாடும் இடத்திலும் ஒரே கருமை அவர்க்கு இருவேறு காலமாகிறது: ஒன்று என்றும் உள்ளது, மற்றொன்று ஆண்டுதோறும் வந்து தலைவியை வருத்திப் போவது. கார் என்னும் அச்சொல்லின் முழுப் பயனையும் பெற்ற இடம் அதுவே எனலாம்.

பின்னும் இம்மரபு இப்பகுதியில் தொடர்ந்தது. 1815இல் திருச்சிராப்பள்ளியை அடுத்த சிற்றூரில் பிறந்து, அந்நகரில் வளர்ந்து, மகாவித்துவான் எனப் பெயர்பெற்ற மீனாட்சிசுந்தரம் பிள்ளை, குளித்தலைக்கு அருகிலுள்ள வாட்போக்கி மலைக்குக் கலம்பகம் பாடினார். 1876இல் அவர் மறைந்தார். அதற்குப்பின் கலம்பகம் பாடுவோர் அருகினர். புரவலர் போயினர், பிரபந்தம் கேட்க அமர்ந்த அவைகள் போயின, அச்சு வந்தது, உரைநடை வந்தது, தனிப்பாட்டு வந்தது. இதற்காக அழுவது வீண். எனினும் தனிக்கவிதை ஒரு குரலையே பேசப் பழகிவிட்டது என்பதும் உண்மை. கவிஞனின் துயரம், கவிஞனின் சினம், கவிஞனின் காதல். ஏசித் துரத்தும் மறவனும், பொய் சொல்லி உயிர் காக்கும் தோழியும், பொன் செய்துவிட்டுக் கூழ் கேட்கும் சித்தனும் ஒரு நூலுக்குள் கூடிப் பேசிய அந்த வசதியை இன்றைய நெடுங்கவிதை இன்னும் முழுதாக எடுத்துக்கொள்ளவில்லை. யாப்பு வேண்டாதவர் யாப்பை விடலாம். எழுத்துக்கு நாள்பார்க்கும் கணக்கை எல்லாருமே விடலாம். குரல்களின் அக்கலப்பை விட்டது மட்டும் இழப்பே.

கடைசியாக ஒன்று. கோயிற் கல்வெட்டுகளில் விளக்கு வைத்தவர் பெயர் உண்டு. அரசன் பெயரும் ஆட்சியாண்டும் உண்டு. ஆட்டின் எண்ணிக்கை உண்டு. ஆட்டை ஏற்ற இடையன் பெயரும் சிலவற்றில் உண்டு. நந்திக் கலம்பகத்தைப் பாடியவர் பெயர் எந்த ஏட்டிலும் இல்லை. அவருக்குக் கதை ஒரு தாயைத் தந்தது, அரசனைத் தமையனாகத் தந்தது, தீராப் பகையும் தந்தது. பெயரை மட்டும் தரவில்லை.